வெள்ளை தெரியும் வரை

அல்போன்சா தன் ஆயுளில் ஒரே ஒரு தடவைதான் கடலுக்குள் போனாள். போனதற்குக் காரணம் அவள் புருஷன் பவுல் கரைக்கு வந்த விதம்.

1976 ஆகஸ்டு. தூத்துக்குடியில் மாதா திருவிழா முடிந்து பந்தல்கூடப் பிரிக்கவில்லை. கிழக்கு வெளுக்கும் நேரத்தில் பவுலும் அவள் தம்பி ரோச்சும் வலையை விரித்துவிட்டு வள்ளத்தில் காத்துக் கிடந்தார்கள். இறாலுக்காக அடிமண்ணை வாரிக்கொண்டு வந்த விசைப்படகு ஒன்று, வலையையும் வள்ளத்தையும் சேர்த்து ஏறிப்போனது. ரோச் தண்ணீரில் தெறித்து விழுந்து பிழைத்தான். இடது காது போயிற்று. பவுலைப் படகின் அடியில் சுழன்ற விசிறி இழுத்துக்கொண்டது.

கரைக்கு அவனை வலையில் சுற்றித்தான் தூக்கி வந்தார்கள். "பாக்காதளா, பாக்காத" என்று பக்கத்து வீட்டுப் பிலோமி அவள் முகத்தைத் தன் மாரோடு அமுக்கினாள். அல்போன்சா திமிறிக்கொண்டு பார்த்தாள். பார்த்த பிறகு அவள் அழவில்லை. தன் ஜெபமாலையைக் கழற்றி, அவனுக்கு மிச்சமிருந்த கையில் சுற்றினாள்.

படகை ஓட்டியவன் வேற்றாள் இல்லை. வில்பிரட், அதே தெரு. பவுலை அண்ணன் என்றும் அவளை மைனி என்றும் கூப்பிட்டு வளர்ந்தவன். முதலாளியின் படகில் டிரைவராகச் சேர்ந்து இரண்டு வருஷம் ஆகியிருந்தது.

பவுலை அடக்கம் பண்ணுவதற்குள்ளேயே வள்ளக்காரர்கள் துடுப்பும் கம்பியும் மண்ணெண்ணெய் டின்னுமாக விசைப்படகுத் துறைக்குப் போய்விட்டார்கள். வில்பிரட் கிடைக்கவில்லை. கிடைத்த இரண்டு படகுகளைக் கொளுத்தினார்கள். ஒரு படகின் கீழ்த்தட்டில் சமையல்காரன் உறங்கிக்கொண்டிருந்தது யாருக்கும் தெரியாது. அற்புதமணி என்று பேர். மணப்பாட்டிலிருந்து வேலைக்கு வந்து ஒன்பதே நாள். தலைமுடி எரிய அவன் மேலே ஏறி வந்தபோது, துறையில் நின்றவர்கள் துடுப்பால் நெஞ்சில் குத்தி உள்ளே தள்ளினார்கள். ஏறினான், தள்ளினார்கள். மூன்றாவது முறை அவன் ஏறவில்லை. அந்தத் துடுப்புகளில் ஒன்று ரோச்சின் கையில் இருந்தது.

மறுநாள் காலை, துணிப்பையில் ஒரு சட்டையை மடித்து வைத்துக்கொண்டு அற்புதமணியின் பெண்சாதி பஸ்ஸில் வந்து இறங்கினாள். கருப்புச் சேலையோடு எதிரே வந்த அல்போன்சாவிடம்தான் வழி கேட்டாள்.

"பெரியாஸ்பத்திரிக்கு எந்தப் பக்கம்மா போகணும்?"

அல்போன்சா கூடவே நடந்தாள்.

"ஒங்க வீட்டுலயும் யாரும் தவறிட்டாங்களா?"

"எம் புருஷன்."

"எம் புருஷனை எரிச்சுப்போட்டானுவ. ஆருன்னே தெரியாதவனுவ. அவரு கடல்லகூடப் போனதில்ல, சோறு பொங்கத்தான் வந்தாரு." அந்தப் பெண் பையைத் தொட்டுப் பார்த்துக்கொண்டாள். "இது கல்யாணத்துக்கு எடுத்த சட்டை. போட முடியுமான்னு தெரியல."

போட முடியவில்லை. நெஞ்சின் மேல் விரித்துத்தான் போட்டார்கள். அதுவரை நின்றிருந்துவிட்டு அல்போன்சா வீட்டுக்கு நடந்தாள். தம்பிதான் தள்ளினான் என்று அவளால் சொல்ல முடியவில்லை.

நெருக்கடி நிலை நடந்த காலம் அது. போலீசைக் கேள்வி கேட்க ஆளில்லை. பதினொரு பேரைத் தூக்கிக்கொண்டு போனார்கள். யார் தள்ளியது என்று ஒருவனும் வாய் திறக்கவில்லை. பத்தொன்பது நாள் கழித்து விட்டபோது ரோச்சால் பாதம் ஊன்ற முடியவில்லை. முழங்காலில் தவழ்ந்துதான் வாசல் ஏறினான். ஏறியதும் சொன்ன முதல் வார்த்தை: "வில்பிரட்டை வெட்டாம நான் சாகமாட்டேன்க்கா."

முப்பதாம் நாள் பூசை முடிந்து வந்ததும் அல்போன்சா அவனை மாதா படத்துக்கு முன்னால் உட்கார வைத்தாள்.

"ஏலே ரோச்சு, வில்பிரட்டை நீ வெட்டுனா அவன் தம்பி ஒன்னை வெட்டுவான். நடுவுல இன்னொரு சோறு பொங்குறவன் சாவான். எனக்குக் கடல்ல ஒரு கோடு வேணும். விசை லாஞ்சு அந்தப் பக்கம், வள்ளம் இந்தப் பக்கம்."

ரோச் சிரித்தான். "கோடு யாருக்கா போடுவா? நீயா?"

"போட வைக்கேன். கோடு இருக்கிற மட்டும் நீ கத்தி எடுக்கக்கூடாது. சத்தியம் பண்ணு."

"கோடு வராட்டா?"

"வராட்டா நானே தீட்டித் தாரேன்."

அவன் படத்தைத் தொட்டான். அதற்கப்புறம் அல்போன்சாவுக்கு வேறு வாழ்க்கை இல்லை. தலையில் கருவாட்டுக் கூடையோடு தெருத்தெருவாகப் போனவள், போன வீட்டிலெல்லாம் இதையே பேசினாள். ஜனவரியில் தேர்தல் அறிவிப்பு வந்தபோது நானூற்றுப் பன்னிரண்டு பெண்கள், அல்போன்சா கைகாட்டும் பக்கம் ஓட்டுப் போடுவதாகச் சொல்லியிருந்தார்கள்.

அவள் நேரே வன்னியபெருமாள் அண்ணாச்சியின் கயிற்றுக் கடைக்குப் போனாள். அண்ணாச்சி வட்டச் செயலாளர். ஒரு வருஷமாகக் கட்சி ஆபீசைப் பூட்டிவிட்டு, வாயையும் பூட்டி வைத்திருந்தவர், அப்போதுதான் வேட்டிக் கரையை வெளியே தெரிகிற மாதிரி கட்ட ஆரம்பித்திருந்தார்.

"ஏம்மா, கடல்ல கோடு போட எங்கிட்டயா வந்த? நான் கயிறு விக்கிறவன்."

"கோடு போடக் கயிறுதான அண்ணாச்சி வேணும்?"

அண்ணாச்சி சிரித்துவிட்டார். எண்ணிக்கையைக் கேட்டதும் சிரிப்பை நிறுத்திக்கொண்டு நாற்காலி போடச் சொன்னார். மறுநாள் முகம் வேறு மாதிரி இருந்தது.

"எதிர்த்தரப்புக்காரன்கிட்டயும் போனியாமே?"

"மீன் விக்கிறவ ஒரு தெருவுலயா கூவுவா அண்ணாச்சி?"

இரண்டு கட்சிக்காரர்களும் போட்டி போட்டுக்கொண்டு சப்-கலெக்டர் ஆபீசுக்கு மனு கொடுத்தார்கள். மாதக்கணக்கில் திறக்காத கதவு ஒரே வாரத்தில் திறந்தது. வள்ளக்காரர் தரப்பில் அல்போன்சாவையும் சேர்த்து ஐந்து பேர். எதிரே வில்பிரட்டின் விசைப்படகு முதலாளி. கரையிலிருந்து மூன்று மைலுக்குள் விசைப்படகு மடி என்கிற இழுவலையை இறக்கக்கூடாது என்று எழுதலாமா என்று அதிகாரி கேட்டார்.

"தாராளமா எழுதுங்க சார்," என்றார் முதலாளி. "ஆனா மூணு மைலு எங்கன முடியுதுன்னு இந்த அம்மா காட்டட்டும். கடல்ல மைல்கல் நட்டு வச்சிருக்காகளா?"

எல்லாரும் சிரித்தார்கள். வள்ளக்காரர்களில் ஒருவன்கூடச் சிரித்தான். அல்போன்சா நாலு நாள் தவணை கேட்டுவிட்டு வந்தாள்.

வீட்டுக்கு வந்து ரோச்சைக் கேட்டாள். "கடல்ல நிக்கிற எடம் ஒனக்கு எப்படிலே தெரியும்?"

"கரையில உள்ளதைப் பாத்துதான். கோயில் கோபுரம், கலங்கரை விளக்கு, கிட்டங்கிச் சுவரு. ஒனக்குச் சொன்னா வெளங்காதுக்கா."

"அப்ப கூட்டிட்டுப் போயிக் காட்டு."

பெண்பிள்ளை ஏறிய வள்ளத்தில் மீன் ஏறாது என்று சத்தம் போட்டார்கள். ஒருவன் அவள் காலடியில் துப்பினான். "எம் புருஷன் ஏறுன வள்ளத்துல என்னலே ஏறுச்சு?" என்று கேட்டுவிட்டு அவள் ஏறினாள். குடல் வெளியே வருகிற மாதிரி வாந்தி எடுத்தாள். நிமிர்ந்தபோது, தான் பிறந்து வளர்ந்த கரை ஒரு விரல் உயரத்துக்குக் கிடந்தது. அதில் ஒரே ஒரு வெள்ளை. மீன் ஏலம் விடும் இடத்துக்குப் பின்னால் நிற்கும் பஞ்சு மூட்டை அடுக்கும் பழைய கிட்டங்கியின் நீளச் சுவர். காலை வெயில் பட்டு அது மட்டும் பளீரென்றிருந்தது. போகப்போக அது சுருங்கி, ஓர் உப்புக்கல் அளவுக்கு ஆகி, அப்புறம் இல்லாமல் போயிற்று.

"இங்கன மூணு மைலு இருக்கும்," என்றான் ரோச். "எல்லாருக்கும் தெரியும். வில்பிரட்டுக்கும் தெரியும்."

நாலாம் நாள் அல்போன்சா அதிகாரி முன்னால் போய் நின்றாள். "மைலு வேண்டாம் சார். கிட்டங்கிச் சுவரோட வெள்ளை தெரியுற மட்டும் லாஞ்சு மடி இறக்கக்கூடாதுன்னு எழுதுங்க. எழுத்து தெரியாதவனுக்கும் கண்ணு தெரியும்."

"மூடாப்பு போட்டு வெள்ளை தெரியாட்டா என்ன செய்வியாம்?" என்றார் முதலாளி.

"அன்னைக்கு வெளிக்கடல்லயே கெடங்க."

இந்த முறை அதிகாரி சிரித்தார். அப்படியே எழுதினார். மீறும் படகுக்கு ஒரு மாதம் டீசல் அனுமதி கிடையாது என்று ஒரு வரியும் சேர்த்தார். பிப்ரவரி கடைசியில் உத்தரவு வந்தது. பெண்களெல்லாம் சேர்ந்து சுண்ணாம்பு கரைத்துக் கிட்டங்கிச் சுவருக்கு இரண்டு பூச்சு அடித்தார்கள்.

நாலு மாதம் கடலில் ஒரு வலை அறுபடவில்லை. ரோச்சின் கத்தி வலை பொத்துவதற்கு மட்டும் வெளியே வந்தது. ஊருக்குத் திரும்பி மறுபடி படகு ஓட்டிக்கொண்டிருந்த வில்பிரட் ஒருநாள் கடற்கரையில் அல்போன்சாவுக்கு எதிர்ப்பட்டான். தலையைக் குனிந்துகொண்டு ஒதுங்கி நின்றான். அவள் நிற்கவில்லை, காறித் துப்பவும் இல்லை. அவளால் அன்றைக்கு முடிந்தது அவ்வளவுதான்.

ஜூனில் சட்டசபைத் தேர்தல். வாக்குப்பதிவுக்கு மூன்று நாள் இருக்கும்போது, சாயங்காலம், அண்ணாச்சி அனுப்பிய ஆட்கள் மூன்று பேர் வாளியும் தூரிகையுமாக வந்தார்கள். ஏலம் எடுக்க வருகிற ஜனம் முழுக்கப் பார்க்கிற சுவர். அதைவிட நல்ல இடம் ஊரில் ஏது? ஏறி நிற்கச் சாரம் இல்லாமல் தவித்தவர்களுக்கு அல்போன்சாதான் உடைந்த வள்ளத்தில் மிஞ்சியிருந்த பவுலின் பாய்மரத்தை எடுத்துக் கொடுத்தாள். கருப்பட்டிக் காப்பியும் போட்டுக் கொடுத்தாள். அவர்கள் சுவர் முழுக்க நீலத்தை அப்பி, அது காய்வதற்குள் மஞ்சளில் எழுதினார்கள்.

"வாசிப்பியாக்கா?" என்றான் எழுதியவன்.

அவள் ஒவ்வோர் எழுத்தாகக் கூட்டினாள். "கடலில்... கோடு போட்ட... கட்சிக்கே... உங்கள் ஓட்டு."

பத்து மாதத்தில் அன்றைக்குத்தான் அல்போன்சா சிரித்ததைப் பிலோமி பார்த்தாள். கரையில் இருந்த ஆண்கள் பலரும் அந்தச் சுவரைப் பார்த்துக்கொண்டேதான் தேர்தல் கூட்டத்துக்குப் போனார்கள். ஒருவனுக்கும் உறைக்கவில்லை. கரையில் நிற்கிறவனுக்கு அது வெறும் சுவர். ரோச் முந்தின நாளே கடலுக்குப் போயிருந்தான்.

மறுநாள் காலை ஏலம் நடந்துகொண்டிருந்தபோது வில்பிரட்டின் படகு துறைக்குப் போகாமல் நேரே மணலில் வந்து ஏறியது. முதலில் ரோச்சைக் கீழே தள்ளினார்கள். கைகளைப் பின்னால் கட்டியிருந்தது. இரும்புக் கம்பியால் அடித்ததில் மண்டை பிளந்து ஒரு கண் மூடிப்போயிருந்தது. அவன் மார்பில் வழிந்திருந்த ரத்தம் அவனுடையது மட்டுமில்லை. அப்புறம் வில்பிரட்டை இறக்கினார்கள். வயிற்றில் ஒரு சேலையளவு துணியை வைத்து அழுத்தியிருந்தார்கள். துணி நிற்காமல் நனைந்துகொண்டிருந்தது.

"இவன்தான் தாவி ஏறிக் குத்துனான்," என்று படகுக்காரன் ஒருவன் கத்தினான். "வெள்ளையே இல்லாத எடத்துலதான் நாங்க மடி இறக்குனோம்!"

அல்போன்சா மணலில் முட்டிபோட்டு வில்பிரட்டின் தலையை மடியில் ஏந்தினாள். ஏன் ஏந்தினாள் என்று அவளுக்கே தெரியாது.

"மைனி," என்றான் அவன். "நான் பாத்துட்டேதான் வந்தேன். கோபுரம் பெருசாத்தான் தெரிஞ்சுது. வெள்ளை தெரியல. காயிதத்துல வெள்ளைன்னுதான எழுதியிருக்கு, வெள்ளை தெரியலன்னா எறக்குன்னு மொதலாளி சொல்லியிருக்காரு..."

அல்போன்சா தலையைத் திருப்பினாள். சுவர் நீலமாக நின்றது. அவள் கொடுத்த பாய்மரம் இன்னும் அதில் சாய்ந்தபடி இருந்தது.

அவள் திரும்பியபோது வில்பிரட்டின் கண் அசையாமல் இருந்தது.

கூட்டம் அதற்குள் இரண்டாகிவிட்டது. வில்பிரட்டின் ஆட்கள் ரோச்சை மிதிக்கப் பாய்ந்தார்கள். வள்ளக்காரர்கள் கல்லை எடுத்தார்கள். போலீஸ் வந்து ரோச்சை வண்டியில் ஏற்றிய பிறகும் கல் நிற்கவில்லை. ஒரு கும்பல் மண்ணெண்ணெய் டின்னோடு துறையை நோக்கி ஓடியது.

அல்போன்சா வீட்டுக்கு ஓடி, மீந்திருந்த சுண்ணாம்பு வாளியையும் நார் மட்டையையும் எடுத்து வந்தாள். பாய்மரத்தின் மேல் காலை வைத்து ஏறி, 'கோடு' என்ற எழுத்தின் மேல் முதல் பூச்சை இழுத்தாள்.

கட்சித் துண்டு போட்ட வாலிபர்கள் நாலு பேர் ஓடி வந்தார்கள். "ஏளா! எந்தக் கட்சிக்காரன் அனுப்புனான் ஒன்னை? கீழ எறங்கு!"

அவள் இறங்கவில்லை. கொடிக்கம்பால் காலில் அடித்தான் ஒருவன். விழுந்தாள். எழுந்து, தரையிலிருந்தே எட்டின மட்டும் பூசினாள். அடுத்த அடி வலது மணிக்கட்டில் விழுந்தது. எலும்பு முறிந்த சத்தம் அடித்தவனுக்கே கேட்டிருக்கும். அவன் ஒரு நிமிஷம் கம்பைத் தாழ்த்தினான். அல்போன்சா மட்டையை இடது கைக்கு மாற்றிக்கொண்டாள். நெற்றியிலிருந்து சொட்டிய ரத்தம் வாளியில் விழுந்து, சுவரில் சில இடங்களில் ரோஸ் நிறமாகப் பூசிக்கொண்டது.

பிலோமிதான் முதலில் குறுக்கே பாய்ந்தாள். அப்புறம் மற்றப் பெண்கள் மீன் வெட்டும் அரிவாள்மனையைத் தூக்கிக்கொண்டு வந்தார்கள். அதே நேரத்தில் அண்ணாச்சியும் சைக்கிளில் வந்து இறங்கினார்.

"என்னம்மா இது? ரெண்டு நாள்தான இருக்கு, அதுக்கப்புறம் அழிச்சுக்கிடக் கூடாதா?"

"ஒங்க எழுத்து ஒரு ஆளைத் தின்னுட்டுது அண்ணாச்சி. நாந்தான் காப்பி போட்டுக் குடுத்து எழுத வச்சேன். ரெண்டு நாள்ல இன்னும் எத்தனை பேரைத் திங்கும்?"

அவருக்குப் புரியச் சிறிது நேரம் ஆயிற்று. சுவரைப் பார்த்தார், கடலைப் பார்த்தார். புரிந்த பிறகும் அரசியல்காரர்தானே. "சின்னத்தை மட்டும் மூலையில விட்டுடும்மா, சின்னதா," என்றார்.

அவள் சின்னத்தின் மேல் மட்டையை வைத்தாள்.

துறைப் பக்கம் கூச்சல் எழுந்தது. அல்போன்சா மட்டையோடு அங்கே திரும்பி, குரல் கிழியக் கத்தினாள்: "உள்ள எவனும் ஒறங்குதானான்னு பாருங்கலே! சண்டாளப் பாவிகளா, உள்ள பாருங்க! எரிக்கப் போறவன் போ. சுவரு பூசுறவன் இங்கன வா!"

கூட்டத்தில் பாதிப் பேர் போனார்கள். பாதிப் பேர் வந்தார்கள். அன்றைக்கு ஒரு படகு எரிந்தது. உள்ளே ஆள் இல்லை. போனவர்களில் ஒருவன் நிஜமாகவே இறங்கிப் பார்த்துவிட்டுத்தான் கொளுத்தினானாம். அண்ணாச்சி புகையைக் கொஞ்ச நேரம் பார்த்தார். பிறகு, "ஏலே, நின்னு என்னத்தைப் பாக்கிய? வாங்குங்கலே மட்டையை," என்று தன் ஆட்களை அதட்டினார். வாலிபர்கள் முகத்தைத் தூக்கி வைத்துக்கொண்டு தங்கள் எழுத்தைத் தாங்களே அழித்தார்கள். உச்சி வெயிலுக்குள் சுவர் வெளுத்தது. நீலம் உள்ளேயிருந்து கசிந்தது. மறுநாள் இன்னொரு பூச்சு அடித்தார்கள்.

வாக்குப்பதிவன்று அல்போன்சா கட்டுப்போட்ட கையோடு வரிசையில் நின்று ஓட்டுப் போட்டாள். "இவ்வளவு பட்டும் இந்தக் கழுதைக் கட்சிக்கு ஓட்டு ஒரு கேடா?" என்று வரிசையில் ஒருத்தி முனகினாள். "கழுதைன்னாலும் பொதி சுமக்கிறது அதுதானளா," என்றாள் அல்போன்சா.

ரோச்சுக்கு ஆயுள் தண்டனை. மாதத்துக்கு ஒரு தடவை அவள் பாளையங்கோட்டை ஜெயிலுக்குப் பஸ் ஏறினாள். முதல் மூன்று தடவை அவன் முகம் கொடுக்கவில்லை. நாலாவது தடவை கம்பிக்கு அருகில் வந்து உட்கார்ந்தான். மூடிய கண் மூடியபடியே இருந்தது.

"அன்னைக்கு நானும் கரையப் பாத்தேங்கா," என்றான். "வெள்ளை இல்ல. கோட்டை அழிச்சிட்டானுவன்னு நெனச்சேன். கோடு இருக்கிற மட்டும்தான நான் சத்தியம் பண்ணுனேன்?"

அவள் சரியாகச் சேராத மணிக்கட்டை இடது கையால் பிடித்துவிட்டுக்கொண்டிருந்தாள்.

"நீ சத்தியத்தை மீறலலே," என்றாள் கடைசியில். "பாய்மரத்தை எடுத்துக் குடுத்தவ நான்."

"வில்பிரட் வீட்டுல?"

"அவன் பொண்டாட்டியும் சுண்ணாம்பு அடிக்க வாரா. எங்கிட்டப் பேச மாட்டா. அந்த மூலையில அவ அடிப்பா, இந்த மூலையில நான் அடிப்பேன்."

"அடுத்த தேர்தலுக்கு வந்து எழுத மாட்டானுவளா?"

"எந்தக் கட்சியும் அந்தச் சுவத்துல எழுதக்கூடாதுன்னு ரெண்டு கட்சிக்காரன்கிட்டயும் எழுதி வாங்கிட்டேன்."

ரோச்சின் உதடு கோணியது. "எங்கக்கா எழுதி வாங்குன?"

"காயிதத்துலதாம்ல," என்றாள் அல்போன்சா. "சுவத்துல இல்ல."

காவலர் மணி அடித்தார். அவள் கம்பிக்குள் விரலை நீட்டினாள். சுண்ணாம்பு அரித்து வெடித்துப்போயிருந்த அந்த விரல்களை அவன் ஒற்றைக் கண்ணால் பார்த்துவிட்டு, தன் நெற்றியை அவற்றின் மேல் வைத்துக்கொண்டான்.